ஹாலோங்கில் பெண் பார்த்தது

பெண் பார்ப்பதற்காக வியட்நாம் வரைக்கும் போனவர்கள் ஊட்டி மார்க்கெட்டில் இதற்கு முன் யாரும் இருந்திருக்க மாட்டார்கள். யோசனை ஆபிதாவுடையது. அவள் கணவர் ரஹ்மத்துல்லாவுக்கு மார்க்கெட்டில் ஸ்வெட்டரும் சால்வையும் விற்கிற கடை. மாப்பிள்ளை வீட்டாரான நௌஷாத் பாய்க்குக் குன்னூரில் மளிகை மொத்த வியாபாரம். ஊட்டியில் ஒரு வீட்டுக்குப் பெண் பார்க்க ஆள் வந்தால், வந்தவர்கள் குடித்த டீ டம்ளரைக் கழுவி வைப்பதற்குள் பஜாருக்கே தெரிந்துவிடும். சரி என்று சொல்லிவிட்டால் பரவாயில்லை. சொல்லாமல் போய்விட்டால், ஏன் வேண்டாம் என்றார்களாம் என்கிற கேள்வி கடை கடையாக ஏறி இறங்கி, கடைசியில் பதிலோடுதான் வீடு வந்து சேரும். ஆபிதா பயந்தது அந்தப் பதிலுக்கு.

அதனால்தான் இந்த ஏற்பாடு. பொங்கல் லீவில் கோயமுத்தூர் டிராவல்ஸ் ஒன்று நடத்தும் சுற்றுலாவில் இரண்டு குடும்பமும் தற்செயலாகச் சந்தித்துக்கொள்வது. பையனும் பெண்ணும் பார்த்துக்கொள்ளட்டும், பெரியவர்கள் பேசிக்கொள்ளட்டும். சரிப்படாவிட்டால் ஏர்போர்ட்டில் ஸலாம் சொல்லிப் பிரிந்துவிடலாம், ஈ காக்கைக்குத் தெரியாது. சபீஹாவுக்கும் இது பிடித்துப்போனது. சபீஹா என்பது பையனின் அம்மா. ஆனால் இரண்டு அம்மாக்களும் ஒரு விஷயத்தை மறந்துவிட்டார்கள். அந்த டிராவல்ஸ்காரர் ஊட்டி, குன்னூர், கோத்தகிரி முழுக்க நோட்டீஸ் ஒட்டியிருந்தார். விமானத்தில் ஏறிப் பார்த்தால் பாதிப் பேர் தெரிந்த முகங்கள்.

"ஏனுங்க ஆபிதா," என்றார் குன்னூர் கெஸியா டீச்சர், பெல்ட்டை மாட்டிக்கொண்டே. "பொண்ணு பார்க்கறதுக்கு ஊட்டி சேரிங் கிராஸ்ல ஒரு ஓட்டல் கிடைக்கலீங்களா?"

ஆபிதா சிரித்து வைத்தாள்.

அவளுக்கு இருந்த பயத்தைச் சொல்லிவிடலாம். மகள் நாஜ்னீனுக்கு வலிப்பு உண்டு. பிளஸ் டூ படிக்கும்போது ஒரு விடியற்காலையில் முதல் தடவை வந்தது. அதன்பிறகு ஸ்கேன், கோயமுத்தூர் டாக்டர், மாத்திரை. கடைசியாக வந்து இரண்டு வருஷத்துக்கு மேல் ஆகிவிட்டது. ஜெகதளா பக்கத்தில் ஒரு டீ பாக்டரி ஆபீஸில் வேலை பார்க்கிறாள், பஸ்ஸில் போய் வருகிறாள், முதல் சம்பளத்தில் அத்தாவுக்கு வாட்ச் வாங்கிக் கொடுத்தாள். ஊட்டியில் விஷயம் தெரிந்தவர்கள் மூன்றே பேர், மூவரும் ஒரே வீட்டில் இருக்கிறார்கள். மாத்திரையை உள்ளூரில் வாங்கினால் மருந்துக்கடைக்காரரின் மச்சான் மூலம் தெருவுக்கே தெரிந்துவிடும் என்று ஆபிதா மாதாமாதம் கோயமுத்தூரில்தான் வாங்குவாள். அட்டையிலிருந்து பிரித்து வைட்டமின் டப்பாவில் கொட்டி வைப்பாள். மகள் உள்ளே விழுந்துவிட்டால் கதவைத் திறக்க முடியாதே என்று வீட்டுக் குளியலறைக் கதவில் உள்தாழ்ப்பாள் கிடையாது. விருந்தாளிகள் கேட்டால் துருப்பிடித்துவிட்டது, மாற்ற வேண்டும் என்பாள். பல வருஷமாக அந்தத் தாழ்ப்பாளை மாற்றிக்கொண்டே இருக்கிறாள்.

கிளம்புவதற்கு முன்பே ரஹ்மத்துல்லா சொல்லிப் பார்த்தார். "அவங்ககிட்டச் சொல்லிரலாம் ஆபிதா. நாளைக்குத் தெரிஞ்சா அசிங்கமாப் போயிரும்."

"நிக்காஹ் முடியட்டுமுங்க. அப்புறம் நானே பக்குவமாச் சொல்லிக்கறேன்."

"முடிஞ்சப்புறம் சொல்றதுக்குப் பேரு பக்குவமா?"

ஆபிதா துணி மடிக்கப் போய்விட்டாள். அவர் மேற்கொண்டு கேட்கவில்லை. வாடிக்கையாளரிடம் பேரம் பேசுவதற்கே சங்கடப்படுகிற மனிதர், மனைவியிடம் எங்கே பேசிவிடப் போகிறார்.

ஹாலோங் விரிகுடாவுக்குப் போன நாளில் ஹனோயிலிருந்து இருட்டோடு கிளப்பிவிட்டார்கள். மகளுக்குத் தூக்கம் போதவில்லையே என்பது ஆபிதாவின் அன்றைய முதல் கவலை. தூக்கம் கெடக் கூடாது என்று டாக்டர் படித்துப் படித்துச் சொல்லியிருந்தார். பஸ்ஸில் நாஜ்னீன் மாத்திரையை விழுங்குவதைக் கண்ணால் பார்த்த பிறகுதான் ஆபிதா தன் பன்னைப் பிரித்தாள்.

படகு பெரியது. கீழே கண்ணாடி ஜன்னலோடு சாப்பாட்டு மேசைகள், மேலே திறந்த தளம். சுற்றுலா மேனேஜர் நவநீதன் கையில் மஞ்சள் கொடி வைத்திருந்தார். துவான் என்கிற வியட்நாம் வழிகாட்டி இங்கிலீஷில் சொல்லச் சொல்ல, அவர் தமிழில் சொல்லிக்கொண்டு வந்தார். கடலுக்குள்ளிருந்து சுண்ணாம்புக்கல் மலைகள் ஒன்றன்பின் ஒன்றாக எழுந்து நின்றன. செங்குத்தான பாறை, உச்சியில் மட்டும் பச்சை. கொடநாட்டில் பள்ளத்தாக்கு முழுக்க மஞ்சு நிரம்பி மலை முகடுகள் மட்டும் தெரியுமே, அந்த மாதிரி இருந்தது. குளிரும் நம்மூர் ஜனவரிக் குளிர்தான். மற்ற ஊர்க்காரர்கள் நடுங்கிக்கொண்டு கீழே ஓட, நீலகிரிக்காரர்கள் மட்டும் ஸ்வெட்டரை இழுத்துவிட்டுக்கொண்டு மேல்தளத்தில் ராஜா மாதிரி நின்றார்கள். ரஹ்மத்துல்லா எல்லா மலையையும் வீடியோ எடுத்தார். நௌஷாத் பாய் அவர் பக்கத்தில் நின்று, இந்த மலையில் தேயிலை வருமா என்று யோசித்துக்கொண்டிருந்தார்.

ஆபிதா ஒரு மலையையும் பார்க்கவில்லை. அவள் பார்த்தது தளத்தைச் சுற்றியிருந்த கம்பியை. அது அவள் இடுப்புக்குக்கூட வரவில்லை. நாஜ்னீன் அதில் சாய்ந்து நின்றால் போதும், ஆபிதா எதையாவது சாக்குச் சொல்லிக்கொண்டு பக்கத்தில் போய் நின்றுவிடுவாள். முறுக்கு வேண்டுமா, துப்பட்டா பறக்குது பார், இங்கே வந்து உட்காரு.

பையன் நௌமான் அமைதியானவன். அப்பாவோடு கடையைப் பார்த்துக்கொள்கிறான். காலையிலிருந்து நாஜ்னீனிடம் மொத்தமாக நாலு வாக்கியம் பேசியிருப்பான். அந்த நாலையும் படகில் இருந்த எல்லோரும் கேட்டுக்கொண்டிருந்தார்கள்.

குகைக்குப் போனபோது ஆபிதா மகளின் முழங்கையை விடவே இல்லை. உள்ளே பெரிய மண்டபம் போல் விரிந்து, கூரையிலிருந்து கல் கல்லாகத் தொங்கியது. பச்சையும் சிவப்புமாக விளக்குப் போட்டிருந்தார்கள். விளக்கு விட்டுவிட்டு மினுங்கினால் வலிப்பைக் கிளப்பிவிடுமே என்று ஒவ்வொரு விளக்காக அண்ணாந்து பார்த்துக்கொண்டே நடந்தாள். ஒன்றும் மினுங்கவில்லை. பின்னால் வந்த சபீஹா கவனித்துவிட்டாள்.

"என்னக்கா, கையைப் புடிச்சுக்கிட்டே வர்றீங்க. கொழந்தையா அவ?"

"தரை வழுக்குதுங்க," என்றாள் ஆபிதா. தரை காய்ந்து கிடந்தது.

மத்தியானச் சாப்பாடு நல்லபடியாகப் போனது. மீனும் இறாலும் வந்தன. நாஜ்னீன் கேட்காமலேயே சபீஹாவுக்கு எலுமிச்சம்பழம் பிழிந்து கொடுத்தாள். சபீஹா அதைப் பார்த்த பார்வையில் ஆபிதாவுக்குப் பாதி உயிர் வந்தது. இன்னும் சாயங்காலம் வரைக்கும்தான், யா அல்லாஹ், இந்த ஒரு நாளைக் கரை சேர்த்துவிடு என்று மனதுக்குள் ஓதிக்கொண்டாள்.

அப்போதுதான் நவநீதன் கொடியை ஆட்டினார். அடுத்து படகு நிற்கும் இடத்தில், பாறைக்கு அடியில் வில் மாதிரி ஒரு திறப்பு இருக்கிறதாம். அதற்குள் புகுந்து போனால் நாலு பக்கமும் மலை சூழ்ந்த குளமாம். "ரெண்டு மாதிரி போலாமுங்க. மூங்கில் படகுல உக்காந்தா அந்த ஊர் அம்மா துடுப்புப் போட்டுக் கூட்டிட்டுப் போவாங்க. இல்லைன்னா கயாக். ரெண்டு பேர் உக்கார்ற சின்னப் படகு, நாமளே ஓட்டிக்கணும். கயாக் முதல்ல போகும், மூங்கில் படகு அடுத்த நடை."

"நமக்கு மூங்கில் படகு," என்று ஆபிதா முந்திக்கொண்டு சொன்னாள்.

நௌமான் இறால் ஓட்டை ஒதுக்கி வைத்துவிட்டு, முதல் தடவையாக எல்லோருக்கும் கேட்கிற மாதிரிப் பேசினான். "நாஜ்னீன், கயாக் போலாங்களா?"

"போலாம்," என்றாள் நாஜ்னீன்.

படகு போய் நின்ற மிதவை மேடையில், லைஃப் ஜாக்கெட் மாட்டும் இடத்தில் ஆபிதா மகளைத் தனியாக இழுத்தாள். தண்ணீரில் இறங்கினால் விஷயம் தெரிந்தவர் ஒருவர் கூட இருக்க வேண்டும் என்றுதான் டாக்டர் சொல்லியிருந்தார். அந்தப் பையனுக்கு என்ன தெரியும்?

"வேண்டாம் கண்ணு. சொன்னாக் கேளு."

"மாத்திரை போட்டாச்சு. ஜாக்கெட்டும் இருக்கு." நாஜ்னீன் பட்டியைக் கட்டிக்கொண்டே குரலைத் தாழ்த்தினாள். "எல்லாரும் நம்மளையே பார்க்கறாங்கம்மா. என்ன சொல்லி என்னை நிறுத்தப் போறீங்க?"

"சளி புடிச்சிருக்கு அவளுக்கு," என்று ஆபிதா பொதுவாகச் சொல்லிப் பார்த்தாள்.

"சின்னஞ்சிறுசுங்க போயிட்டு வரட்டும், விடுங்கக்கா," என்றாள் சபீஹா. "இதுக்குத்தானே இவ்வளவு தூரம் வந்தோம்."

ரஹ்மத்துல்லா மனைவியைப் பார்த்தார். இப்போதாவது சொல் என்கிற பார்வை. ஆபிதா லேசாகத் தலையை ஆட்டி வேண்டாம் என்றாள். ஒரு வார்த்தை சொன்னால் சம்பந்தம் போய்விடும், சொல்லாவிட்டால் ஒன்றும் ஆகாமலும் இருக்கலாம். இரண்டு வருஷமாக வராதது இந்த அரைமணியிலா வந்துவிடப் போகிறது? இப்படித்தான் அவள் கணக்குப் போட்டாள். ஆரஞ்சு நிற கயாக் மிதவையை விட்டு விலகியது. முன்னால் நாஜ்னீன், பின்னால் நௌமான். துடுப்பு இரண்டும் ஒன்றோடொன்று மோதிக்கொண்டன. நாஜ்னீன் சத்தமாகச் சிரித்தாள். வில் வளைவுக்குள் நுழையும்போது குனிந்தாள். அவ்வளவுதான், கண்ணுக்குத் தெரியவில்லை.

அதற்குப் பிறகு ஆபிதா உட்காரவில்லை. சபீஹா அவளிடம் கல்யாண மண்டபம் பற்றிப் பேசினாள், குன்னூரில் எது வசதி, பார்க்கிங் எங்கே இருக்கிறது என்று. ஆபிதா எல்லாவற்றுக்கும் உம் கொட்டினாள். எதுவும் காதில் ஏறவில்லை. வாய் தன்பாட்டுக்கு, ஆபத்தில் காவலுக்கு ஓதும் ஆயத்துல் குர்ஸியை ஓதியது, பாதியில் நின்று மறுபடியும் முதலிலிருந்து தொடங்கியது. கண் அந்தக் கறுப்புத் திறப்பிலேயே இருந்தது.

கயாக்குகள் ஒவ்வொன்றாகத் திரும்பின. மஞ்சள் ஒன்று, பச்சை ஒன்று. மேலேயிருந்து மஞ்சு இறங்கி, வளைவின் மேற்பாகத்தை மூடியது. கெஸியா டீச்சரும் அவர் தங்கையும் முழங்கால் வரை நனைந்து வந்து சேர்ந்தார்கள்.

"டீச்சர், நாஜ்னீனைப் பார்த்தீங்களா?"

"பார்த்தேனுங்க. அந்தப் பக்கப் பாறை ஓரமாப் போனாங்க. அப்புறம் கண்ணுல படலை." டீச்சர் கண்ணடித்தார். "பேசிட்டு இருப்பாங்க, விடுங்க."

இன்னும் இரண்டு கயாக்குகள் வந்தன. அவற்றிலும் அவர்கள் இல்லை. கயாக்கைக் கட்டுகிற ஆள் எண்ணிப் பார்த்துவிட்டு, ஒன்று குறைகிறது என்று துவானுக்கு விரலைக் காட்டினான். துவான் வாட்சைப் பார்த்தார். ஆபிதாவுக்குக் கண் முன்னால் எல்லாம் வந்தது. கழுத்து ஒருபக்கம் இழுப்பது, கண் மேலே சொருகுவது, கை விறைத்துத் துடுப்பு நழுவுவது, படகு சாய்வது. ஜாக்கெட் மிதக்கும், ஆனால் முகம்? முகம் தண்ணீருக்குள் கவிழ்ந்திருந்தால் ஜாக்கெட் என்ன செய்யும்? அவள் நவநீதனின் கையைப் பிடித்துக்கொண்டாள்.

"தம்பி, உடனே ஆள் அனுப்புங்க. அவளுக்கு வலிப்பு வரும். தண்ணியில வந்தாப் பொழைக்க மாட்டா. சீக்கிரம் அனுப்புங்க தம்பி."

மிதவையில் அத்தனை பேச்சும் நின்றது. நவநீதன் துவானிடம் இங்கிலீஷில் சொன்னார். துவான் திரும்பி மோட்டார் படகுக்காரனிடம் அவர்கள் மொழியில் கத்தினார். வீட்டுக்குள்ளேயே பூட்டி வைத்திருந்த விஷயம் கண்மூடித் திறப்பதற்குள் மூன்று மொழியில் போய்ச் சேர்ந்தது. ஆபிதாவுக்கு அப்போது எந்த மொழியும் பொருட்டாக இல்லை. மோட்டார் படகு வளைவுக்குள் சீறிக்கொண்டு போவதைப் பார்த்துக்கொண்டு நின்றாள். ரஹ்மத்துல்லா அவள் தோளைப் பிடித்துக்கொண்டார். சபீஹா பக்கம் திரும்பிப் பார்க்க அவளுக்குத் தைரியம் வரவில்லை.

அவர்கள் வந்தார்கள். மோட்டார் படகு மெதுவாக முன்னால் வர, கயாக் பின்னால் வந்தது. நாஜ்னீன் நிமிர்ந்து உட்கார்ந்திருந்தாள், கன்னம் குளிரில் சிவந்திருந்தது. நௌமான் துடுப்புப் போட்டுக்கொண்டே ஏதோ சொல்ல, அவள் பதில் சொன்னாள். இரண்டு பேருக்கும் ஒரு கீறல் இல்லை.

"குரங்குக் குட்டி இருந்துச்சு, பார்த்துட்டே இருந்துட்டோம்," என்றான் நௌமான், மிதவையைப் பிடித்துக்கொண்டு. "எதுக்கு மோட்டார் படகெல்லாம்?"

கெஸியா டீச்சர் தரையைப் பார்த்தார். நாஜ்னீன் ஒவ்வொரு முகமாகப் பார்த்துக்கொண்டே வந்து, அம்மாவின் முகத்தில் நிறுத்தினாள். அவளுக்குப் புரிந்துவிட்டது. ஜாக்கெட்டைக் கழற்றி மடித்துக் கொடுத்துவிட்டுப் படகின் மேல்தளத்துக்கு ஏறிப் போனாள். ஆபிதாவுக்கு ஓடிப்போய் அவளைக் கட்டிக்கொள்ள வேண்டும் போலிருந்தது. அதற்குள் சபீஹா முன்னால் வந்து நின்றாள்.

"எத்தனை வருசமா இருக்கு?"

"பிளஸ் டூவுல இருந்துங்க. இப்ப ரெண்டு வருசமா வரலை. மாத்திரை சாப்பிடறா. நாங்க மறைச்சது தப்புதானுங்க."

"வியாதி யாருக்கு வேணா வரும். அதைப் பத்தி நான் ஒண்ணும் சொல்லலை." சபீஹாவின் குரல் உயரவே இல்லை. "உள்ளே அவளுக்கு ஏதாவது ஆயிருந்தா என்ன செய்யணும்னு என் மகனுக்குத் தெரியுமாக்கா? ரெண்டு பேரும் ஒரே படகுல இருந்தாங்க. கவுந்திருந்தா அவனும்தானே தண்ணியில. அவனுக்கு நீச்சல்கூடத் தெரியாது. உங்களுக்கு மாப்பிள்ளையா வர்றதுக்கு முன்னாடி அவன் எனக்குப் பிள்ளை."

மிதவையில் நின்ற அவ்வளவு நேரத்தில் ஆபிதாவின் மனதில் நூறு விதமாகக் கவிழ்ந்த அந்தப் படகில், ஒரு தடவைகூட நௌமான் இருக்கவில்லை. பின்னால் உட்கார்ந்து துடுப்புப் போட்டவனை அவள் நினைக்கவே இல்லை. தன் மகளுக்காக அடுத்தவள் மகனைத் தண்ணீரில் இறக்கிவிட்டு, கல்யாண மண்டபத்துக்கு உம் கொட்டியிருக்கிறாள். வெட்கமாக இருந்தது. இத்தனை வருஷமாக அவள் பயந்தது ஊரார் பேச்சுக்கு. இப்போது கேட்டது ஊரார் பேச்சு இல்லை, நியாயம்.

"எனக்கு அது தோணவே இல்லைங்க," என்றாள். "என்னை மன்னிச்சிருங்க."

சபீஹா மகனைக் கூட்டிக்கொண்டு போனாள். மூங்கில் படகு காலியாக வந்து நின்றது. அதில் ஏற யாருக்கும் மனமில்லை.

திரும்பும் வழியில் நௌஷாத் பாய் குடும்பம் மேல்தளத்தின் முன்பக்கத்துக்குப் போய்விட்டது. ஆபிதாவும் ரஹ்மத்துல்லாவும் பின்பக்கம், மகளின் இரண்டு பக்கமும் உட்கார்ந்திருந்தார்கள். மலைகள் சாம்பல் நிறமாகி ஒவ்வொன்றாகப் பின்னால் போயின. ரஹ்மத்துல்லா வீடியோ எடுக்கவில்லை. நாஜ்னீன் கோபமில்லாமல்தான் பேசினாள், அதுதான் ஆபிதாவுக்கு இன்னும் வலித்தது.

"அவர்கிட்டச் சொல்லணும்னுதான்மா நான் கயாக்ல ஏறுனேன்."

"சொன்னியா?"

"இல்லை. வாய் வரலை. துடுப்பை அப்படிப் புடிக்காதே, இப்படிப் புடி, இது என்ன தோசைக் கரண்டியான்னு திட்டிக்கிட்டே வந்தாரு." அவள் கண் கலங்கியது, சிரிக்கவும் செய்தாள். "நம்ம வீட்டுல யாரும் என்னைத் திட்டுனதே இல்லைம்மா. எதாவது ஆயிரும்னு பயந்துக்கிட்டு. எனக்கு அங்க நல்லா இருந்துச்சு. இன்னும் கொஞ்ச நேரம், இன்னும் கொஞ்ச நேரம்னு நானே தள்ளிப் போட்டேன். அதான் லேட்."

ஆபிதா அழுதாள். மகளின் கையைத் தேடினாள். நாஜ்னீன் கையைக் கொடுத்தாள், கொஞ்ச நேரம் கழித்து மெதுவாக விடுவித்துக்கொண்டாள்.

"இனிமேல் யார்கிட்டச் சொல்லணும்னாலும் நானே சொல்லிக்கறேன்," என்று எழுந்தாள்.

தளத்தின் நடுவில் ஊட்டியும் குன்னூரும் கோத்தகிரியும் நாற்காலி போட்டு உட்கார்ந்திருந்தன. அத்தனை பேரையும் தாண்டிக்கொண்டு அவள் முன்பக்கம் நடந்தாள். படகு லேசாக ஆடியது. ஆபிதா பழக்க தோஷத்தில் பின்னாலேயே எழுந்தாள். இரண்டு எட்டு வைத்தவள், என்ன நினைத்தாளோ, திரும்பி வந்து கணவர் பக்கத்தில் உட்கார்ந்தாள்.

நாஜ்னீன் நௌமான் எதிரில் நின்று பேசினாள். என்ன பேசினாள் என்பது காற்றில் கேட்கவில்லை. அவன் தலை குனிந்து கேட்டுக்கொண்டிருந்தான். பக்கத்தில் சபீஹா கடலைப் பார்த்துத் திரும்பி உட்கார்ந்திருந்தாள், வேண்டுமென்றே. நௌமான் நிமிர்ந்து ஏதோ கேட்டான். நாஜ்னீன் பதிலுக்கு உள்ளங்கையை மல்லாத்திக் காட்டி, அப்படியே பக்கவாட்டில் சாய்த்தாள். வலிப்பு வந்து விழுந்தவரை மல்லாக்கப் போட்டு வைக்கக் கூடாது, ஒருக்களித்துப் படுக்க வைக்க வேண்டும், வாயில் எதையும் திணிக்கக் கூடாது, கையைக் காலை அழுத்திப் பிடிக்கக் கூடாது. இதெல்லாம் ஆபிதாவுக்கு மனப்பாடம். வேறு யாருக்கும் அவள் இதைச் சொல்லிக் கொடுத்ததில்லை.

நௌமான் தன் கையை நீட்டி, அவள் செய்தது போலவே சாய்த்துப் பார்த்தான். தப்பாகச் செய்தான் போலிருக்கிறது, அவள் தலையை ஆட்டினாள். சபீஹாவின் முகம் கடலிலிருந்து திரும்பியிருந்தது. அவள் நாஜ்னீனின் கையையே பார்த்தாள், பிறகு ஏதோ கேட்டாள். நாஜ்னீன் அவள் பக்கம் நன்றாகத் திரும்பி நின்றுகொண்டு, மறுபடியும் முதலிலிருந்து, இந்தத் தடவை நிதானமாக, கையைச் சாய்த்துக் காட்டினாள்.